கைகாட்டி இறங்காத ஞாயிற்றுக்கிழமை

அந்த ஸ்டேஷனை அறுபதுகளில் மூடினார்கள். மூடிவிட்டார்கள் என்பது பக்கத்துக் கம்போங் கிராமத்துக்காரர்களுக்குத் தெரியவே கொஞ்ச நாளானது. திறந்திருந்தபோதும் அது அப்படித்தான் இருந்தது, அதனால் அவர்களைக் குறை சொல்ல முடியாது. இப்போது சிலர் பழைய ஸ்டேஷன், பழைய தண்டவாளம் என்று உருகி உருகிப் பேசுவதைக் கேட்கிறேன். அவர்களில் ஒருவர்கூட அங்கே குடியிருந்தவர் இல்லை. நான் குடியிருந்தேன், என் கல்யாணம் வரைக்கும். அங்கே உருகியதெல்லாம் வெயிலில் கூரைத் தகரத்துத் தார் மட்டும்தான்.

புக்கிட் பாஞ்சாங் பக்கம், ஜொகூரிலிருந்து நகரத்துக்கு இறங்கும் ஒற்றைத் தண்டவாளத்தின் ஓரத்தில் இருந்தது அது. பெயரைச் சொல்ல மாட்டேன், சொன்னாலும் உங்களுக்குத் தெரியாது. பெயர்ப் பலகை மட்டும் ஸ்டேஷனைவிடப் பெரியது. தகரக் கூரை போட்ட ஒரு பிளாட்பாரம், ஒரு பெஞ்சு, ஒரு மணி, யாரும் எதையும் நிறுத்துப் பார்க்காத ஒரு தராசு. சுற்றிலும் லாலாங் புல். காற்று ஒரு பக்கம் அடித்தால் ரப்பர் பால் நாற்றம், மறுபக்கம் அடித்தால் சீனர்களின் பன்றிப் பண்ணை நாற்றம். பெரிய ரயில்கள் எங்களைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் போகும். சின்ன ரயில்கள் நின்று, யாரும் இறங்கவில்லை என்று தெரிந்துகொண்டு கிளம்பும்.

இந்த ராஜ்யத்துக்கு ராஜா என் அப்பா. ஸ்டேஷன் மாஸ்டர். அம்மா கஞ்சி போட்டு இஸ்திரி செய்த வெள்ளை உடுப்பும் தொப்பியுமாக அவர் பிளாட்பாரத்தில் நிற்பதைப் பார்த்தால் கவர்னர் வந்து இறங்கப்போகிறார் என்று நினைப்பீர்கள். இறங்கியது பெரும்பாலும் கோழிக்கூடை. சிராங்கூன் சாலையில் யார் வீட்டுக் கல்யாணத்துக்குப் போனாலும், 'ரயில்வேயில் ஸ்டேஷன் மாஸ்டரா இருக்கேன்' என்பார். கேட்டவர்கள் தஞ்சோங் பகார் பெரிய ஸ்டேஷனை நினைத்துக்கொண்டு எழுந்து இடம் கொடுப்பார்கள். அப்பா அந்த நாற்காலியில் உட்காருவார். எந்த ஸ்டேஷன் என்று அவராக ஒருநாளும் சொன்னதில்லை.

அவருக்கு இரண்டு வேதங்கள். ஒன்று ரயில்வே விதிப்புத்தகம். இன்னொன்று பஞ்சாங்கம். விதிப்புத்தகம் மற்றவர்களுக்கு, பஞ்சாங்கம் எங்களுக்கு. அந்தப் பஞ்சாங்கம் மதராசில் அச்சடித்தது. மதராசுக்கும் எங்களுக்கும் நேரம் வேறு. அங்கே நாலரை என்றால் இங்கே ஆறரை. எந்த ஊர் ராகு காலத்தைப் பார்ப்பது என்று அப்பாவுக்கு ஒருமுறை சந்தேகம் வந்துவிட்டது. சிராங்கூன் சாலைக் கோயில் குருக்களிடம் போய்க் கேட்டார். குருக்கள், "எந்த ஊர்ல இருக்கமோ அந்த ஊர்ச் சூரியன்தான் சார் கணக்கு" என்று முடித்துவிட்டார். அப்பாவுக்குத் திருப்தியில்லை. எதற்கும் இருக்கட்டும் என்று இரண்டையும் பார்ப்பதாக முடிவு செய்தார். அதனால் ஊரிலுள்ள எல்லோருக்கும் ஒரு ராகு காலம் என்றால் எங்கள் வீட்டுக்கு இரண்டு. ரயில் நேரத்தையே தலைகீழாகச் சொல்லத் தெரிந்த மனிதர், தன் மூளையை இப்படித்தான் செலவழித்தார்.

இதில் அடிபட்டது என் அக்கா. அவளுக்கு அப்போது இருபத்தாறு முடிந்துவிட்டது. ஐம்பதுகளில் அது சின்ன வயதில்லை. வந்த வரன்களை அப்பா பஞ்சாங்கத்தை வைத்தே அடித்து விரட்டினார். ஒரு வரன் செவ்வாய்க்கிழமை வாய்திறந்தது என்று போனது. இன்னொன்றைப் பற்றிப் பேசும்போது பல்லி தப்பான பக்கம் சொல்லிவிட்டது. மூன்றாவது வீட்டுக்காரர்கள் வந்த பஸ் வழியில் நின்றுவிட்டது, அது சகுனத்தடை. பஸ் கம்பெனியைத்தான் திட்டியிருக்க வேண்டும், அப்பா மாப்பிள்ளையைத் திட்டினார். அவள் போகாமல் நான் போக முடியாது. எங்கள் வீடும் ஒற்றைத் தண்டவாளந்தான். ஆனால் என் அவசரத்தைவிட அவள் முகம்தான் என்னை வாட்டியது. நகரத்தில் தையல் வேலைக்குப் போகிறேன் என்று கேட்டாள், ஸ்டேஷன் மாஸ்டர் மகள் வேலைக்குப் போவதாவது என்று அதையும் தடுத்தார். காலையில் எழுந்து ஒரு ரயிலைப் பார்ப்பாள், மாலையில் இன்னொரு ரயிலைப் பார்ப்பாள். அதில் ஏறிப் போகத்தான் வழியில்லை.

அந்தச் சமயத்தில்தான் கிளுவாங் பக்கத்து வரன் வந்தது. மாப்பிள்ளை ரப்பர் தோட்டத்துத் தமிழ்ப் பள்ளியில் வாத்தியார். அவருடைய அப்பா தோட்டத்து ஆஸ்பத்திரியில் மருந்து போட்டுக் கட்டுக்கட்டும் டிரஸ்ஸர். சாதகம், சீர்வரிசை, ஐயர் எதுவும் வேண்டாம் என்ற சீர்திருத்தக் கொள்கைக்காரர்கள். சீர்வரிசை வேண்டாம் என்று கேட்டதும் அப்பாவுக்கு அந்தக் கொள்கை ரொம்பப் பிடித்துப்போனது. மீதிக் கொள்கைகளைப் பற்றி அவர் விசாரிக்கவேயில்லை.

அக்கா அந்த வாத்தியாரை ஏற்கெனவே பார்த்திருந்தாள். சிராங்கூன் சாலையில் ஒரு பேச்சுப் போட்டிக்கு நடுவராக வந்திருந்தார். பரிசு கிடைக்காமல் அழுத ஒரு பெண்ணிடம், ஏன் கிடைக்கவில்லை என்று பொறுமையாக உட்கார்ந்து விளக்கினாராம். அக்கா அதைப் பார்த்துக்கொண்டே நின்றிருக்கிறாள். ஜாலான் புசாரில் ஓர் இரும்புக்கடை மாடியில் இருந்த தரகர் இந்த வரனைக் கொண்டுவந்த அன்று, கிணற்றடியில் துணி பிழிந்துகொண்டே என்னிடம் சொன்னாள்.

"இவரு வேணும்டி எனக்கு. இதையும் கெடுத்துட்டாங்கன்னா நான் இங்கயே கெடந்து மக்கிப் போயிடுவேன்."

அவள் எதையும் வேண்டும் என்று கேட்டு நான் அதற்கு முன் கேட்டதில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பெண் பார்க்க வருவதாக ஏற்பாடு. கிளுவாங்கிலிருந்து வரும் பாசஞ்சர் ரயில் நாலு மணி வாக்கில் எங்கள் ஸ்டேஷனுக்கு வரும். ஞாயிற்றுக்கிழமை ராகு காலம் நாலரைக்குத் தொடங்குகிறது. அதற்குள் அவர்கள் இறங்கி, எதிரில் இருந்த எங்கள் குவார்ட்டர்ஸுக்குள் காலெடுத்து வைத்துவிடலாம் என்று அப்பா கணக்குப் போட்டிருந்தார். முதல் நாளே நானும் அக்காவும் தேக்கா மார்க்கெட்டுக்குப் பஸ் ஏறிப் போய்ப் பூவும் வாழையிலையும் வெற்றிலையும் வாங்கி வந்தோம். பஸ்ஸில் வரும்போது அக்கா மடியில் பூப்பொட்டலத்தை வைத்துக்கொண்டு சும்மா சிரித்துக்கொண்டே வந்தாள். அம்மா கேசரி கிண்டினாள், பஜ்ஜிக்கு மாவு கரைத்து வைத்தாள்.

ரயில் ஜொகூரிலேயே தாமதம். எங்கள் ஸ்டேஷனில் வேறு எந்த ரயில் தாமதமானாலும் அப்பா அதைச் சொந்த அவமானமாக எடுத்துக்கொள்வார். அன்றைக்கு முகம் பேயறைந்தது போலாகிவிட்டது. நாலரை தாண்டியது, ஐந்து தாண்டியது. அதற்கப்புறம்தான் முந்திய ஸ்டேஷனிலிருந்து ரயில் புறப்பட்டுவிட்டது என்று மணி அடித்தது. ராகு காலத்தின் நட்டநடுவில் மாப்பிள்ளை வந்து இறங்கப்போகிறார்.

சாதாரண அப்பனாக இருந்தால் வந்தவர்களைப் பிளாட்பாரத்தில் உட்காரவைத்து ஒரு சோடா வாங்கிக் கொடுத்திருப்பான். ரயில் வந்துவிட்டுப் போயிருக்கும். அது என் அப்பாவுக்குத் தோன்றவில்லை. ஸ்டேஷன் எல்லைக்குள் ரயில் நுழைந்தாலே அவர்கள் வந்ததாக ஆகிவிடும் என்று நினைத்தார். பிளாட்பாரத்தின் முனையிலிருந்து பார்த்தால் தெரிகிற தூரத்தில் கைகாட்டி மரம் இருந்தது. அந்தக் கையை இறக்கினால்தான் ரயில் உள்ளே வரலாம். அப்பா அதை இறக்கவில்லை. ஆறு மணி வரைக்கும் இறக்குவதில்லை என்று முடிவு செய்துவிட்டார். நூற்றுக்கணக்கான பேர் ஏறி வந்த ரயிலை, ராகு காலம் முடியட்டும் என்று லாலாங் புல்லுக்கு நடுவில் நிறுத்தி வைத்தார்.

காரணம் வேண்டுமே. தண்டவாளத்தை மாற்றிவிடும் பாயிண்ட்ஸ்மேன் ஒரு வயதான மலாய்க்காரர். அப்பா அவரைக் கூப்பிட்டு, பாயிண்ட் ரோசாக், கெட்டுப்போய்விட்டது என்றார். அவர் போய்க் குனிந்து பார்த்துவிட்டு வந்து, "தா ரோசாக், துவான்" என்றார். கெடவில்லையாம். அப்பா, "ரோசாக்!" என்று கத்தினார். அந்த மனிதர் எண்ணெய் டப்பாவை எடுத்துக்கொண்டு போய், நன்றாக இருந்த பாயிண்டுக்கு எண்ணெய் விட ஆரம்பித்தார். நகரத்து அலுவலகத்திலிருந்து டெலிபோன் வந்தபோது, பாயிண்ட் சிக்கிக்கொண்டது, ஆள் வேலை பார்க்கிறான் என்று அப்பா இங்கிலீஷில் சொன்னார். பொய் சொல்கிறோம் என்ற உறுத்தல்கூட அந்தக் குரலில் இல்லை.

எஞ்சின் கூவத் தொடங்கியது. சத்தம் கேட்டு ரயில்வேக் கூலிகளின் லயத்து வீடுகளிலிருந்து பெண்கள் வேலி ஓரம் வந்து நின்றார்கள். அதில் ஒருத்தியைப் பற்றி நான் சொல்லியாக வேண்டும். அதற்கு முந்திய வருஷம் அவளுக்குப் பிரசவ வலி எடுத்து, பிள்ளை குறுக்கே நின்றுவிட்டது. அவள் புருஷன் ஓடிவந்து, அடுத்து வரும் மெயிலை ஒரு நிமிஷம் நிறுத்துங்கள், நகரத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்விடுகிறேன் என்று அப்பாவின் காலில் விழுந்தான். மெயில் இங்கே நிற்காது, விதியில் இடமில்லை என்றார் அப்பா. லாரி பிடித்துக்கொண்டு போவதற்குள் பிள்ளை செத்துவிட்டது. அன்றைக்கு அவளும் வேலியைப் பிடித்துக்கொண்டு, தூரத்தில் புகைவிட்டபடி நின்ற ரயிலையே பார்த்துக்கொண்டிருந்தாள். அம்மா குவார்ட்டர்ஸ் வாசலுக்கு வந்தபோது அவள் சத்தம் போடாமல் கேட்டாள்.

"ஐயா நெனச்சா நிக்கும்போல இருக்கேம்மா?"

அம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். எனக்கு அந்த நிமிஷத்தில் அப்பாவைப் பிடிக்காமல் போனது. அதற்கு முன் அவரைப் பார்த்துச் சலித்துக்கொண்டிருக்கிறேன், முதுகுக்குப் பின்னால் சிரித்திருக்கிறேன். இது வேறு.

இதற்குள் ரயிலின் கார்டு புல்லை மிதித்துக்கொண்டு வந்து சேர்ந்தார். பருத்த ஆள், தமிழர்.

"என்னா மாஸ்டர், ஒங்க சிக்னல் தூங்குதா? உள்ள ஒவ்வொருத்தனும் என் சட்டையப் புடிக்கிறான் லா."

அப்பா அவரிடம் மட்டும் உண்மையைச் சொன்னார். அதையும் பெருமையாகச் சொன்னார். "பெரிய பொண்ணப் பாக்க வர்றாங்க. இந்த வண்டியிலதான் இருக்காங்க. ஆறு மணிக்கு விட்டுடறேன், கொஞ்சம் பொறுத்துக்குங்க."

கார்டு வாயைப் பிளந்தார். பிறகு சிரித்துக்கொண்டே திரும்பிப் போனார். சிரிப்பு என்ன சும்மாவா போகும்? ரயிலின் முதல் பெட்டியிலிருந்து கடைசிப் பெட்டி வரைக்கும் அதைச் சொல்லிக்கொண்டே போயிருக்கிறார்.

கொஞ்ச நேரத்தில் தண்டவாளத்தின் மேல் இரண்டு பேர் நடந்து வருவது தெரிந்தது. வெள்ளைச் சட்டை, வெள்ளை வேட்டி. முன்னால் வந்தவர் டிரஸ்ஸர், பின்னால் வந்தவர் வாத்தியார். கூட வந்திருந்த மாப்பிள்ளையின் அத்தையைப் பெட்டி படுக்கைக்குக் காவலாக ரயிலிலேயே விட்டுவிட்டு வந்திருந்தார்கள். இரண்டு பேருடைய வேட்டியிலும் முழங்கால் வரைக்கும் புல் விதை ஒட்டியிருந்தது. அவர்களைப் பார்த்ததும் அப்பா சொன்ன முதல் வார்த்தை, "தண்டவாளத்து மேல நடக்கக் கூடாதுங்களே, விதிப்படி தப்பு" என்பது. நான் எங்கள் வீட்டு ஜன்னல் பக்கம் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். எனக்கு மானம் போயிற்று.

வாத்தியார் கோபப்படவில்லை. "ஐயா, ராகு காலம், எமகண்டம் எல்லாம் எங்களுக்குக் கிடையாதுங்க. எங்களுக்காக வண்டிய நிறுத்தாதீங்க. உள்ள கைக்குழந்தைங்க அழுவுது."

"நீங்க நம்பலைங்கிறதுக்காக அது இல்லாமப் போயிடுமா தம்பி? உக்காருங்க, இன்னும் கொஞ்ச நேரந்தான்" என்றார் அப்பா.

டிரஸ்ஸர் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "வீட்டுக்குள்ளயாச்சும் போயி உக்காரலாமா? இங்க வெயிலு மூஞ்சியில அடிக்குது."

"ஐயையோ, இப்பப் படியேறக் கூடாதுங்க."

ஆக, பெண் பார்க்க வந்தவர்கள் பெண் வீட்டு வாசலுக்கு எதிரிலேயே பெஞ்சில் உட்கார்ந்து வெயில் காய்ந்தார்கள். உள்ளே கேசரி ஆறிக்கொண்டிருந்தது. ஓரளவு புத்தி உள்ள மனிதர்கள் அப்போதே எழுந்து போயிருப்பார்கள். அவர்கள் மரியாதைக்காரர்கள், அதனால் உட்கார்ந்தார்கள்.

ஜன்னலுக்குப் பின்னால் அக்கா பாதி பின்னிய தலையோடு நின்றிருந்தாள். பட்டுப்புடவை கட்டில் மேல் கிடந்தது, வீட்டுப் புடவையில்தான் இருந்தாள். ஒரு செம்பில் தண்ணீர் மொண்டு எடுத்துக்கொண்டு வாசலுக்கு நடந்தாள்.

"ஏய், எங்கடி போற? இன்னும் நேரம் வரல" என்று அம்மா தடுத்தாள்.

"தண்ணி குடிக்கிறதுக்குமா நேரம் பாக்கணும்?" என்றாள் அக்கா. நான் இரண்டு டம்ளரை எடுத்துக்கொண்டு பின்னாலேயே ஓடினேன்.

அவள் வருவதைப் பார்த்து வாத்தியார் எழுந்து நின்றார். முதல் டம்ளரைத் தன் அப்பாவுக்குக் கொடுத்தார், அடுத்ததைத் தான் குடித்தார். குடித்துவிட்டு டம்ளரை என்னிடம் தந்து, அக்காவைப் பார்த்துப் பேசினார்.

"தப்பா நெனக்காதீங்க, நேராவே கேட்டுடறேன். என்னக் கட்டிக்கிறதுல உங்களுக்குச் சம்மதமா?"

அந்தக் காலத்தில் எந்த மாப்பிள்ளையும் இதைப் பெண்ணிடம் கேட்டதில்லை. தரகர் அப்பனிடம் கேட்பார், அப்பன் பஞ்சாங்கத்திடம் கேட்பான். அக்கா அப்பாவை ஒரு தடவை பார்த்தாள். பிறகு வாத்தியாரைப் பார்த்து, "சம்மதம்" என்றாள்.

"எனக்கும் சம்மதந்தான்" என்றார் அவர். டிரஸ்ஸர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு சிரித்தார். எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. இதற்குப் பிறகு எத்தனையோ பெண் பார்க்கும் சடங்குகளுக்குப் போயிருக்கிறேன். என்னுடையதும் சேர்த்துத்தான் சொல்கிறேன், அவ்வளவு அழகாக ஒன்றையும் பார்த்ததில்லை.

அப்பா கடிகாரத்தைப் பார்த்தார்.

"செல்லாது" என்றார். "இது கணக்குல வராதுங்க. ராகு காலத்துல குடுத்த வாக்கு நிக்காது. ஆறு மணிக்கு மேல திரும்பச் சொல்லுங்க. அம்மாடி, நீ உள்ள போ. பொடவையக் கட்டிக்கிட்டு, தட்டோட, புதுசா வர்ற மாதிரி வா."

டிரஸ்ஸரின் சிரிப்பு நின்றுவிட்டது. அக்கா செம்போடு அப்படியே நின்றாள். அப்பா விரலை நீட்டி வீட்டைக் காட்டினார். போகாமல் நின்றிருக்கலாம் என்று பிறகு எத்தனை முறை நினைத்திருப்பாளோ தெரியாது. இருபத்தாறு வருஷப் பழக்கம், கால் தானாகத் திரும்பியது. உள்ளே அம்மா அவளுக்கு அவசர அவசரமாகப் பட்டுப்புடவையைச் சுற்றினாள். கொசுவம் நிற்கவேயில்லை.

ஆறு மணி. அப்பா லீவரை இழுத்தார், கைகாட்டி இறங்கியது. மதராஸ் ராகு காலம் ஆறரைக்குத் தொடங்கிவிடும் அல்லவா, அதனால் இடையில் கிடைத்த அரை மணி நேரத்துக்குள் எல்லாம் நடந்துவிட வேண்டும் என்று அவருக்கு ஒரே பரபரப்பு. கக்கத்தில் பச்சைக் கொடி, கையில் வெற்றிலைத் தட்டு. ரயில் உள்ளே வந்து நின்றது. ஒவ்வொரு ஜன்னலிலும் ஒரு தலை, ஒவ்வொரு தலையும் ஒரு மொழியில் திட்டியது. மாப்பிள்ளையின் அத்தை கம்பியைப் பிடித்துக்கொண்டு, இந்தப் பைத்தியக்கார வீட்டுப் பெண் நமக்கு வேண்டாம், ஏறுங்கடா என்று பிளாட்பாரம் முழுக்கக் கேட்கக் கத்தினாள்.

அப்பா எதையும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. முகமெல்லாம் சிரிப்பாகத் தட்டை நீட்டினார். "இப்பச் சொல்லுங்க தம்பி."

பதில் சொன்னது டிரஸ்ஸர். "ஒரு பொண்ணு வாயத் தொறந்து சம்மதம்னு சொல்லியிருக்கு. அது செல்லாதுன்னு சொல்றீங்க. அந்தப் பொண்ணு வார்த்தைக்கு அவ்வளவுதான் மதிப்புன்னா, எம்மகன் வார்த்தைய வச்சு நீங்க என்ன செய்யப் போறீங்க?" சொல்லிவிட்டு ரயிலில் ஏறி உட்கார்ந்துவிட்டார்.

வாத்தியார் ஏறினார், ஆனால் உள்ளே போகவில்லை. வாசற்படியில் நின்று எங்கள் வீட்டுப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு காலை மறுபடி கீழ்ப்படியில் வைத்தார். "ஐயா, திரும்பச் சொல்றதுல எனக்கு ஒண்ணும் இல்லீங்க, அவங்க வரட்டும்" என்று அவர் சொன்னது என் காதில் விழுந்தது. அப்பாவின் காதிலும் விழுந்திருக்க வேண்டும், பக்கத்தில்தான் நின்றார். ஆனால் எஞ்சின் கூவியது. கார்டு விசில் ஊதினார். உள்ளே டெலிபோன் அடித்துக்கொண்டேயிருந்தது. ரயில் நின்றுவிட்டது, விசில் ஊதியாயிற்று, அடுத்தது கொடி. இத்தனை வருஷமாக அவருக்கு அதுதான் தெரியும். தட்டை என் கையில் திணித்தார், கக்கத்திலிருந்து கொடியை உருவினார், நீட்டினார்.

அக்கா பட்டுப்புடவையும் பூவுமாகக் கேசரித் தட்டோடு வாசலுக்கு வந்தபோது ரயில் நகர்ந்துகொண்டிருந்தது. வாத்தியார் படியிலேயே நின்றுகொண்டிருந்தார். யாரோ உள்ளேயிருந்து அவர் தோளைப் பிடித்து இழுத்தது தெரிந்தது. வளைவில் ரயில் திரும்பும் வரைக்கும் அக்கா தட்டைக் கீழே வைக்கவில்லை.

அந்த வாரம் முழுக்க அவள் காத்திருந்தாள். கொள்கைக்காரராயிற்றே, வருவார் என்று நானும் நம்பினேன். கிளுவாங்கிலிருந்து ஜொகூருக்குப் பஸ் இருந்தது, ஜொகூரிலிருந்து எங்கள் பக்கத்துக்கும் பஸ் இருந்தது. ரயிலை எதிர்பார்த்து இருக்க வேண்டிய அவசியமே இல்லை. ராகுவையும் கேதுவையும் மேடை போட்டு எதிர்த்த அந்த வாத்தியாருக்குச் சொந்த அப்பாவையும் அத்தையையும் எதிர்க்கத் தைரியம் வரவில்லை. அவர்மேலும் எனக்குப் பெரிய மரியாதை எதுவும் மிச்சமில்லை.

ரயிலை நிறுத்தி வைத்ததற்கு அப்பாவுக்கு என்ன தண்டனை கிடைத்தது என்று கேட்பீர்கள். மேலிடத்தில் விளக்கம் கேட்டார்கள். பாயிண்ட் சிக்கிக்கொண்டது என்றார். புதிதாக ஓர் எண்ணெய் டப்பா அனுப்பி வைத்தார்கள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஜாலான் புசார் தரகர் வந்தார். வாத்தியாருக்குக் கிளுவாங்கிலேயே வேறு இடத்தில் பேசி முடித்துவிட்டார்களாம். கல்யாண நாள்கூடக் குறித்தாயிற்றாம். அம்மா கொடுத்த காபியைக் குடித்துவிட்டு அடுத்த பஸ்ஸில் போய்விட்டார்.

அன்று மாலை அப்பா சாப்பிட உட்கார்ந்தார். அக்கா பரிமாறினாள். முகம் வீங்கியிருந்தது, அழுததை மறைக்க அவள் முயற்சி செய்யவில்லை. அப்பா சோற்றைப் பிசைந்துகொண்டே அம்மாவைப் பார்த்துச் சொன்னார். அந்தக் குரலில் வருத்தம் இருந்திருந்தால் நான் இதை எழுதிக்கொண்டிருக்க மாட்டேன். கெட்டிக்காரத்தனம்தான் இருந்தது.

"பாத்தியா? ராகு காலத்துல குடுத்த வாக்கு நிக்காதுன்னு நான் அன்னிக்கே சொன்னேனா இல்லையா?"

அக்கா கரண்டியைச் சட்டியில் போட்டாள்.

"அவரு படியில நின்னுக்கிட்டுதான்ப்பா இருந்தாரு. கொடி காட்டுனது நீங்க."

அப்பா அவளை நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. சோற்றில் குழி பறித்துக்கொண்டு ரசம் கேட்டார். அக்கா ஊற்றினாள்.